ஏற்றிவிடவும்

காட்டேரியா? யாரு சொன்னா உமக்கு? அடிவாரத்துல மோர் விக்கிறாளே, அவளா? அவ சொல்லுவா. வெள்ளிக்கிழமை தவறாம ஒரு சட்டி ஆட்டு ரத்தத்தைக் கொண்டுபோய் அந்த இடிஞ்ச கோட்டை வாசல்ல வச்சுட்டு வருதா. நாய் நக்கிட்டுப் போகுது. மறுநாள் சட்டி காலியா இருக்கவும், பாத்தியா, மகாராசா வந்து குடிச்சுட்டுப் போயிட்டாருன்னு ஊரெல்லாம் சொல்லிக்கிட்டுத் திரியுதா.

உள்ள வாரும் ஓய். மண்டபம் ஒழுகத்தான் செய்யும், ஆனா இந்தத் தூணோரம் ஒழுகாது. பொதியை இங்கன இறக்கும். உப்பா? அப்ப முதல்ல அதை நகத்தி வையும், நனைஞ்சா போச்சு. மாடு அங்கனயே நிக்கட்டும். இந்த மழைக்குக் கணவாய்ல கால் வச்சீருன்னா நீரும் மாடும் சேர்ந்து கீழதான் வரணும். இரும், மழை வெறிச்சதும் போகலாம்.

ஆனைக்கரட்டு மகாராசா ஒரு சொட்டு ரத்தம் குடிச்சதில்ல. நான் சொல்லுதேன், கேட்டுக்கிடும். பதினாலு வருசம் அவரு பக்கத்துல நின்னு ஓலை வாசிச்சவன் நான். ஆவுடைநாயகம் பிள்ளைன்னு கேட்டா இந்தப் பக்கம் பெரியவங்களுக்குத் தெரியும். தெரிஞ்சா உம்மை இங்கன உக்கார விடமாட்டாங்க, அது வேற.

மலைக்கு அந்தப் பக்கம் எங்க போறீரு? பாலைக்கரை வழியாத்தானே? நல்லதாப் போச்சு. அப்ப உம்மால எனக்கு ஒரு காரியம் ஆகணும். பாலைக்கரையில இக்கண்டன் வைத்தியர் வீடு எதுன்னு கேட்டா யாரும் காட்டுவாங்க. வைத்தியர் இல்ல, செத்துப்போயிட்டாரு. அவரோட தாயார் இருக்கா, படுத்த படுக்கை. அந்தக் கிழவியைப் பாத்துக்கிட்டு என் மகள் அங்கன இருக்கா. பிரமு. எனக்கு ஒரே மகள். வருசா வருசம் கணவாய் தாண்டி வர்றவங்க யாருகிட்டயாவது எனக்கு ஒரு கேள்வி சொல்லி அனுப்புதா. ஒரே கேள்விதான், பதினோரு வருசமா. "ரெண்டாம் தரம் வாசிக்கும்போது தெரியுமா, தெரியாதா? அதை மட்டும் அப்பா சொல்லட்டும். தெரியும்னு சொன்னா நானே வந்து கூட்டிட்டுப் போறேன்."

நானும் பதில் சொல்லி விட்டுக்கிட்டுத்தான் இருக்கேன். எழுதியிருந்ததை வாசிச்சேன்னு. அது பதில் இல்லங்கா. ஓலையில எழுதி அனுப்பினா என் கையெழுத்தைப் பாத்ததும் பிரிக்காமத் திருப்பி விட்டுருதா. இப்ப கண்ணும் மங்கிட்டு, எழுத முடியலை. அதனாலதான் உம்மைப் போல ஆளா இருந்தா வாயால சொல்லி விடலாம்னு பாக்கேன். ஆனா விசயம் முழுசாத் தெரியாம நீரு எப்படிச் சொல்லுவீரு? கேளும்.

கொடுமைக்கார ராசாங்கானுங்க. கொடுமைதான், நான் இல்லைங்கலை. கோட்டைக்குக் கிழக்கே ஒரு வெளி உண்டு. நான் வேலைக்குச் சேர்ந்த வருசம் அதுல பதினஞ்சு, இருபது கழுமரம் நின்னுது. கடைசியில எண்ண முடியாது. வைரம் பாஞ்ச பனையில செதுக்கி, எண்ணெய் தடவி, வரிசை பிசகாம நட்டிருக்கும். தூரத்துல இருந்து வர்ற வழிப்போக்கன் பனந்தோப்புன்னு நினைச்சு நிழலுக்கு ஒதுங்க வருவான். கிட்ட வந்தப்புறம்தான் ஓடுவான். ஆனா களவு உண்டா, சொல்லும்? ஊர்க் கிணத்தடியில ஒரு வெள்ளிச் செம்பை வச்சாரு, கட்டிப் போடலை, காவல் வைக்கலை. ஏழு வருசம் அப்படியே இருந்துது. ஒருத்தன் தொடலை. தண்ணி குடிக்கக்கூடத் தொடலை, குனிஞ்சு கையால அள்ளிக் குடிச்சிட்டுப் போனாங்க. இருந்தாலும் செம்பு இருந்துதுல்லா?

வடக்கே இருந்து வந்த தூதுவன் ஒருத்தன் செருப்போட சபைக்குள்ள வந்தான். கழத்தச் சொன்னா, எங்க சீமை வழக்கம் இல்லைன்னான். "வழக்கத்தை மாத்த வேண்டாம், நல்லா உறுதியாவே இருக்கட்டும்"னு சொல்லி லாடக்காரனைக் கூப்பிட்டு அந்தச் செருப்பு மேலயே லாடம் அடிச்சு அனுப்பினாரு. உயிரோடதான அனுப்பினாரு? அதை எவனும் சொல்ல மாட்டான்.

கழுவெளிக்கு முன்னால இலை போட்டுச் சாப்பிட்டாருன்னு ஒரு பேச்சு. சாப்பிட்டாரு. அந்தக் கோட்டைக்கு மேற்கே மலை மறைச்சுக்கிட்டு நிக்கும். கிழக்கு வாசல்ல மட்டும்தான் காத்து. காத்துக்காகத்தான் அங்கன உக்காந்தாரு. நானும் நாலைஞ்சு தரம் கூட உக்காந்திருக்கேன், நல்ல காத்து. நான் சாப்பிடலைன்னா அது என் வயித்துக் கோளாறு.

ஆளு பெரிய ஆளெல்லாம் இல்ல. மெலிஞ்ச உடம்பு, வெளுத்த முகம். வெயிலுக்குக் கண்ணு கூசும், அதனால பகல்ல வெளிய வரமாட்டாரு. வெள்ளைப்பூடு ஆகாது, மணம் வந்தாலே எந்திரிச்சுப் போயிருவாரு. அதையெல்லாம் இப்ப காட்டேரிக்கு அடையாளமாச் சொல்லுதானுங்க. பல் ஈறுல ஓயாம ரத்தம் கசியும். அதுதான் அவரு நோவு. பேசிக்கிட்டு இருக்கும்போதே உதட்டோரம் சிவப்பா வரும், துண்டால ஒத்திக்கிடுவாரு. பதறிப்போயிராதேயும், அதுக்கு மருந்தாத்தான் இக்கண்டன் வைத்தியர் வந்தாரு. அவரு ஒரு மரக்கட்டையைக் கொதிக்க வச்சுத் தண்ணி கொடுப்பாரு. பதிமுகம்னு பேரு. மலைக்கு அந்தப் பக்கம் வீட்டுக்கு வீடு குடிக்கிற தண்ணி, நீருகூடக் குடிச்சிருப்பீரு. நல்லாச் சிவந்து இருக்கும். அதை மகாராசா கிழக்கு வாசல்ல உக்காந்து வெள்ளிக் கிண்ணத்துல குடிக்கதைத் தூரத்துல நின்னு பாத்தான் எவனோ ஒருத்தன். அவ்வளவுதான். ரத்தமாம் ரத்தம்.

இப்ப ஒரு வார்த்தையைப் பத்திச் சொல்லணும். அதைச் சொன்னாத்தான் மத்தது புரியும்.

எங்க மகாராசாவுக்குக் கழுங்கிற வார்த்தை பிடிக்காது. அசிங்கமான வார்த்தை, சபையில யாரும் சொல்லக்கூடாதுன்னுட்டாரு. ஓலையிலயும் எழுதக்கூடாது. ஏற்றிவிடவும், அவ்வளவுதான் எழுதணும். இன்னாரை ஏற்றிவிடவும். எதுலன்னு கேக்க வேண்டியதில்ல, எல்லாருக்கும் தெரியும். கொஞ்ச வருசத்துல ஊருக்குள்ள ஒருத்தரும் ஏத்துங்கிற வார்த்தையைப் பேசுறதில்லன்னு ஆகிப்போச்சு. விளக்கு ஏத்துன்னு சொல்லமாட்டாங்க, பொருத்துன்னுதான் சொல்லுவாங்க. கோயில்ல கொடியேத்தம்னு சொல்ல வாய் வராது, கொடி கட்டியாச்சாம்பாங்க. தண்ணி இறைக்கிற ஏத்தத்துக்குத் துலான்னு பேரு மாறிப்போச்சு. பிரமு சின்னப்பிள்ளையா இருந்தப்ப என் தோள்ல கை வச்சு, "அப்பா, என்னைத் தூக்கி வச்சுக்கோ"ம்பா. அவளுக்கு வேற வார்த்தையே தெரியாது.

எனக்கு முன்னால அந்த வேலையில இருந்தவரு மந்திரமூர்த்தி பிள்ளை. ஒரு ஓலை வந்துது, மாடசாமியை ஏற்றிவிடவும்னு. ஊருல ரெண்டு மாடசாமி. எந்த மாடசாமின்னு கேட்டு ஓலையைத் திருப்பி அனுப்பினாரு மனுசன். நம்ம ஓலை தெளிவா இல்லங்கான் போலிருக்குன்னு மகாராசா சிரிச்சாராம். ரெண்டு மாடசாமியையும் ஏத்திட்டு மூணாவதா பிள்ளையையும் ஏத்தினாங்க. அவரு இடத்துலதான் நான் போய் நின்னேன். அதனால ஓலை எப்படி வந்துதோ அப்படி வாசிச்சேன். கூட்டலை, குறைக்கலை, கேக்கலை. கேக்காம இருந்தது ஒரு குத்தமா?

வைத்தியர் ஒரு ஆடி மாசம் வந்தாரு. அந்த நேரம் பிரமு என் வீட்டுல இருந்தா. புருசன் போய்ச் சேர்ந்து ஒரு வருசம்கூட ஆகலை. அவ கால்ல முள்ளு குத்தி, சீழ் வச்சு, முழங்கால் வரைக்கும் கறுத்துப்போச்சு. அறுத்து எடுக்கணும்னு உள்ளூர் மருத்துவன் சொல்லிட்டான். நான் அழுத அழுகைக்கு அளவில்ல. இக்கண்டன் வைத்தியர் தற்செயலா எங்க வீட்டு வாசல்ல போனவரு, முனகல் கேட்டு உள்ள வந்தாரு. கூப்பிடக்கூட இல்ல. அந்தச் சீழைத் தன் கையால பிதுக்கி எடுத்து, பச்சிலை வச்சுக் கட்டி, நாப்பத்தெட்டு நாள் காலையும் மாலையும் வந்தாரு. நாப்பத்தொம்பதாம் நாள் என் மகள் எந்திரிச்சு நடந்தா. அன்னைக்கு அவரு கால்ல விழுந்தேன் ஓய். நெடுஞ்சாண்கிடையா விழுந்தேன். பிரமு அவரை அண்ணேம்பா, அவரு தங்கச்சிம்பாரு. கூடப் பிறந்தவங்ககூட அப்படி இருக்கமாட்டாங்க.

அவருக்கு ஊரு ஞாபகம்தான் எப்பவும். வயசான தாயாரை விட்டுட்டு வந்திருக்காரு. மகாராசா வடக்கு எல்லைக்குப் படையோட போகும்போது, நோவு இப்படியே அமந்துதுன்னா உன்னை ஊருக்கு அனுப்பி வைக்கேன்னு சொல்லிட்டுப் போயிருக்காரு. அன்னையில இருந்து வைத்தியர் மூட்டை கட்டி வச்சுக்கிட்டு நாள் பாத்துக்கிட்டு இருந்தாரு. என்னைத் தெருவுல பாத்தாப் போதும், "பிள்ளைவாள், ஓலை வந்துதா? என்னை எப்ப வண்டி ஏத்தி விடப்போறீங்க?"ன்னு சத்தமாக் கேப்பாரு. வெளியூர் ஆளு, அவருக்கு அது வெறும் வார்த்தை. கேட்ட சனம் திக்குன்னு நின்னுரும். சில பேரு வீட்டுக்குள்ள போய்க் கதவைச் சாத்திருவாங்க. பிரமு அவரைப் பிடிச்சு வைவா. "அண்ணே, அந்த வார்த்தையை இங்கன சொல்லாதீங்க, உங்களுக்கு எத்தனை தரம் சொல்லுறது!" அவரு சிரிப்பாரு. "பின்ன எப்படிச் சொல்லணும் தங்கச்சி? என்னை வண்டியில தூக்கிப் போடுங்கன்னா?"

தை மாசம், ஒரு நாள் விடியக்காலம், ஓட்டக்காரன் சுடலைமுத்து எல்லையில இருந்து ஓலை கொண்டுவந்தான். ஒரே நூல்ல ரெண்டு ஓலை சேத்துக் கட்டியிருந்துது. மேல இருந்தது தளவாய் சிவனாண்டிக்கு. மகாராசா இல்லாதப்ப கோட்டை அவரு பொறுப்பு. வேப்பங்குச்சியால பல் விளக்கிக்கிட்டு நின்னாரு. நான் பிரிச்சு வாசிச்சேன். "வைத்தியன் இக்கண்டனை இன்று உச்சிக்குள் ஏற்றிவிடவும். தாமதம் கூடாது."

தளவாய் குச்சியைத் துப்பிட்டாரு. "வைத்தியரையா? என்ன குத்தமாம்?"

"குத்தம் எழுதலை தளவாயே."

எப்பவும் குத்தம் எழுதியிருக்குமான்னு கேக்கீரா? எழுதியிருக்கும். களவு, பொய், வரி, என்னமாவது ஒண்ணு இருக்கும். அன்னைக்கு எழுதலை. அவசரத்துல விட்டிருக்கலாம். போர்க்களத்துல உக்காந்து எழுதுற ஓலை, அதுல எல்லாம் எதிர்பாக்க முடியுமா? தளவாயும் அதுக்கு மேல கேக்கலை. மந்திரமூர்த்தி பிள்ளையை அவரும்தானே பாத்தாரு. ஆளை அனுப்பி ஏற்பாட்டைச் செய்யச் சொல்லிட்டு உள்ள போயிட்டாரு.

நான் ரெண்டாவது ஓலையைப் பிரிச்சேன். அது லாயத்துக்கு. "நல்ல எருது ரெண்டு பூட்டிக் கூண்டு வண்டி ஒன்று இன்று உச்சிக்குள் கோட்டை வாசலில் நிறுத்தவும். கணவாய் வரை."

இதைப் பிரமுகிட்டச் சொல்லாதேயும். இது அவளுக்குத் தெரியாது. ஒருத்தருக்கும் தெரியாது. உம்ம முகத்தைப் பாத்தா நல்ல மனுசனாத் தெரியுது, அதனால சொல்லிட்டேன்.

அதுல வைத்தியர் பேரு இல்ல ஓய். நல்லாக் கவனியும். கூண்டு வண்டின்னுதான் இருந்துது. யாருக்கு வண்டின்னு இல்ல. உப்பு வாங்க இருக்கலாம், மிளகு கொண்டுவர இருக்கலாம். நான் அந்த ஓலையைக் கையில வச்சுக்கிட்டுக் கொஞ்ச நேரம் நின்னேன். தளவாயைக் கூப்பிட்டு, நான் முதல்ல வாசிச்சது தப்புன்னு சொல்லலாம். வாசிச்சது தப்பு இல்லியே! ஏற்றிவிடவும்னுதானே இருந்துது? அர்த்தம் தப்புன்னு சொல்லலாம். அர்த்தம் தப்புன்னு சொன்னா, அப்ப மகாராசா ஓலை தெளிவா இல்லைன்னு ஆகும். அப்புறம் நான் எங்க நிப்பேன்னு உமக்குத் தெரியும்லா? கழுமரம் ஏற்கெனவே எண்ணெய் தடவித் தயாரா இருக்கு.  மடப்பள்ளி வழியாப் போனேன், அடுப்பு எரிஞ்சுது, அதுல போட்டுட்டேன். ஓலைதானே, சட்டுன்னு பிடிச்சுக்கிட்டுது.

வைத்தியர்கிட்டப் போய், ஓலை வந்திருக்கு வாங்கன்னு மட்டும் சேவகங்க சொல்லியிருக்கானுங்க. அவரு குளிச்சு, புதுத் துண்டு போட்டு, மூட்டையைத் தோள்ல மாட்டிக்கிட்டுச் சிரிச்ச முகமா வந்தாரு. பிரமுவும் கூட வந்தா. வழிக்குன்னு புளிச்சோறு கட்டி எடுத்துக்கிட்டு வந்தா. கிழக்கு வாசல் வழியாக் கூட்டிட்டு வந்தாங்க. "மலை மேற்கேல்லா இருக்கு, நம்ம கிழக்கே போறமே?"ன்னு அவரு கேட்டாராம். சேவகங்க நடையை எட்டிப் போட்டானுங்க.

ஏத்துறதுக்கு முன்னால ஓலையை அந்த ஆளு காதுல விழ வாசிக்கணும். அது எங்க மகாராசா வச்ச நியாயம். வேற எந்தச் சீமையிலயாவது இந்த நியாயம் உண்டா? சொல்லாம கொள்ளாம வெட்டிப் போடுவான். நான் கழுவெளியில நின்னு வாசிச்சேன்.

வைத்தியர் சிரிச்சாரு. "சரிதானே, ஏத்தி விடச் சொல்லிட்டாரு. வண்டி எங்க?"

 அவரு சுத்திப் பாத்தாரு. தரையில படுக்கப் போட்டிருந்த மரத்தைப் பாத்தாரு, எண்ணெய் மின்னுறதைப் பாத்தாரு. சிரிப்பு போகலை, முகத்துல அப்படியே நின்னுபோச்சு. அப்புறம் என்னைப் பாத்து மெதுவாச் சொன்னாரு. "பிள்ளைவாள், இன்னொரு தரம் வாசிங்க."

வாசிச்சேன். அதே ஓலை, அதே எழுத்து. "வைத்தியன் இக்கண்டனை இன்று உச்சிக்குள் ஏற்றிவிடவும். தாமதம் கூடாது." உச்சிக்குள்ங்கிற வார்த்தைக்கு அப்புறம் நான் எச்சிலை முழுங்கினேன்னு பிரமு சொல்லுதா. நான் முழுங்கலை. முழுங்கியிருந்தாலும் தொண்டை வறண்டவன் முழுங்கத்தான் செய்வான், வெயில் அப்படி.

தளவாய்க்கும் ஒரு மாதிரியாத்தான் இருந்துது. என் பக்கத்துல வந்து, "பிள்ளை, எதுல ஏத்தணும்னு இருக்கா?"ன்னு கேட்டாரு. அத்தனை வருசத்துல அந்தக் கேள்வியை ஒருத்தன் கேட்டது அன்னைக்குத்தான்.

நான் சொன்னேன். "இந்தக் கோட்டையில ஏத்துறதுக்கு வேற என்ன இருக்கு தளவாயே?"

உண்மைதானே? இருந்துதா வேற? இல்ல, உம்ம வாயால சொல்லும், நான் சொன்னதுல ஒரு வார்த்தை பொய் உண்டா?

பிரமு ஒண்ணும் கத்தலை. சோத்துப் பொட்டலத்தைக் கீழ வச்சுட்டு என்னைப் பாத்தா. அவ்வளவுதான், பாத்தா.

ரெண்டு நாள் உயிரோட இருந்தாரு வைத்தியர். பிரமு அந்த மரத்தடியிலயே உக்காந்திருந்தா. யாரும் போகக்கூடாத இடம், ஆனா தளவாய் காவல்காரங்களைக் கொஞ்சம் தள்ளி நிக்கச் சொல்லிட்டாரு. மூணாம் நாள் காலையில வைத்தியரோட மூட்டையை எடுத்துக்கிட்டு என் வீட்டு வாசலைத் தாண்டி மேற்கே நடந்துட்டா. நான் வாசல்லதான் நின்னேன். பிரமு, பிரமுன்னு கூப்பிட்டேன். திரும்பலை. அவரு சரிப்படுத்தின காலால அவரு ஊருக்கே நடந்துட்டா. அவரு தாயார்கிட்டப் போய்ச் சொல்லணும்ல யாராவது. 

எட்டு நாள் கழிச்சு மகாராசா வந்தாரு. நல்ல முகமா வந்தாரு, ஈறுல ரத்தம் நின்னுருந்துது. வந்ததும் கேட்டாரு. "வைத்தியனை ஏத்தி விட்டாச்சா?"

"ஆச்சு மகாராசா"ன்னாரு தளவாய்.

"சந்தோசமாப் போனானா?"

தளவாய் என்னைப் பாத்தாரு. நான் தரையைப் பாத்துக்கிட்டு நின்னேன். யாரும் சொல்ல வேண்டியிருக்கலை. மகாராசா வழக்கம்போலக் கிழக்கு வாசல்ல போய் உக்காந்தாரு, வரிசையில முன்னால இருந்ததைப் பாத்தாரு. எட்டு நாள் ஆனா ஆளை அடையாளம் தெரியாது, ஆனா துண்டு புதுத்துண்டு. ரொம்ப நேரம் பாத்தாரு. அப்புறம் அந்த ஓலையைக் கொண்டுவரச் சொன்னாரு. தன் கையாலயே பிடிச்சு வாசிச்சாரு. "லாயத்துக்கு ஒரு ஓலை போட்டிருந்தமே?"ன்னாரு.

"ஒரு ஓலைதான் வந்துது மகாராசா"ன்னேன்.

ஓட்டக்காரன் வழியில தொலைச்சிருக்கான்னு முடிவாச்சு. சுடலைமுத்துவை அன்னைக்குச் சாயங்காலமே ஏத்தினாங்க. அதுக்கு ஓலை கிடையாது, வாய்ச்சொல்தான். அதுல எனக்கு ஒரு சம்பந்தமும் இல்ல. நான் வாசிக்கவே இல்லியே.

என் முறை வரும்னுதான் நின்னுக்கிட்டு இருந்தேன்.  மகாராசா என்னைக் கிட்டக் கூப்பிட்டாரு. உதட்டோரம் திரும்பவும் சிவப்பா வர ஆரம்பிச்சிருந்துது. "ஓலை நம்மதுதான். சரியாத்தான் வாசிச்சிருக்கான்"ன்னு எல்லாரும் கேக்கச் சொன்னாரு. வைத்தியருக்குன்னு வடக்கே இருந்து ஒரு சால்வை வாங்கிட்டு வந்திருந்தாரு, அதை எடுத்து எனக்குப் போத்தினாரு. பாரும், எழுதின மனுசனே சொல்லிட்டாரு, சரியா வாசிச்சேன்னு. அதுக்கு மேல என் மகள் யாரு என்னைக் கேள்வி கேக்க?

அதுக்கப்புறம் அவரு ரொம்ப நாள் இருக்கலை. எந்த வைத்தியனும் அந்தக் கோட்டைக்கு வரமாட்டேன்னுட்டான். பதிமுகக் கட்டையை நாங்களா கொதிக்க வச்சுக் கொடுத்தோம், பக்குவம் தெரியலை. ஐப்பசியில செத்தாரு. வாயெல்லாம் ரத்தமாக் கிடந்தாரு, அதைப் பாத்துட்டுத்தான் ரத்தம் குடிச்சான்னு ஊரு சொல்லுது. அது அவரோட சொந்த ரத்தம் ஓய். குடிச்ச ரத்தம் இல்ல. இதைச் சொன்னா ஒருத்தன் நம்ப மாட்டேங்கான்.

சரி, மழை குறையுது. நான் சொல்லி விட வேண்டியதைக் கேட்டுக்கிடும். பிரமுகிட்டப் போய், அப்பா சொன்னாரு, தெரியாதுன்னு சொல்லும். ரெண்டாம் தரம் வாசிக்கும்போதும் தெரியாது. அவ்வளவுதான்.

என்ன பாக்கீரு? தெரியும்னு சொன்னா வந்து கூட்டிட்டுப் போறேங்காளே, சொல்லிட வேண்டியதுதானேன்னு நினைக்கீரா? வருவா. சொன்ன சொல்லு மாறமாட்டா, எனக்குத் தெரியும். வந்து இந்தப் படியில நிப்பா. கையைப் பிடிச்சு நடத்திக் கூட்டிட்டுப் போவா, சோறாக்கிப் போடுவா, முடியாமப் போனா அந்தக் கிழவியைப் பாத்துக்கிடுத மாதிரி என்னையும் பாத்துக்கிடுவா. எனக்கு அதெல்லாம் வேணும் ஓய். வேண்டாம்னு நான் சொல்லலை. இந்தத் தூணுல சாஞ்சுக்கிட்டு அதைத்தான் நினைச்சுக்கிட்டுக் கிடக்கேன். ஆனா வந்தா என்னைப் பாப்பாளே. அன்னைக்குப் பாத்த மாதிரி பாப்பாளே. அதுக்கு இங்கன கிடந்து ஒழுகுத தண்ணியில நனைஞ்சே சாகலாம்.

அதனால தெரியாதுன்னே சொல்லும்.

ஏன் அந்தப் பக்கம் திரும்பிக்கிட்டீரு? உமக்கு என்ன வந்துது இதுல? நீரா பொய் சொல்லுதீரு? நான் சொன்னதைக் கொண்டுபோய் அப்படியே சொல்லப்போறீரு, கூட்ட வேண்டாம், குறைக்க வேண்டாம். மெய்யோ பொய்யோ, அது சொல்லி விட்டவனோட பாடு. கொண்டுபோறவனுக்கு அதுல ஒரு பாவமும் கிடையாது. அதை எங்கிட்டக் கேளும், எனக்குத் தெரியும்.

பொதியைத் தூக்கி வையும், மழை விட்டுட்டு. இரும், போறதுக்கு முன்னால எங்க, ஒரு தரம் சொல்லிக் காட்டும், சரியாச் சொல்லுதீரான்னு பாக்கேன். சும்மா சொல்லும் ஓய். வார்த்தைதானே.